தண்ணீர் படாத ஆயுத பூஜை

எனக்குக் கோபம் மூக்குக்கு மேலேயே உட்கார்ந்திருக்கும் என்று என் மனைவி சொல்வாள். பாதுகாப்பு அதிகாரி வேலைக்கு அது இல்லாமல் ஆகாது என்று நான் பதில் சொல்வேன். அதியமான்கோட்டையைத் தாண்டி, நெடுஞ்சாலையை விட்டுக் கொஞ்சம் உள்ளே தள்ளி இருக்கிற ரசாயன ஆலை எங்களுடையது. மருந்துக் கம்பெனிகளுக்கு மூலப்பொருள் செய்து அனுப்புகிறோம். திங்கட்கிழமை காலை ஷிப்ட் தொடங்கும்முன் எல்லோரையும் கேட் பக்கம் நிறுத்தி, எங்கோ ஓர் ஆலையில் நடந்த விபத்து ஒன்றைச் சொல்வது என் வழக்கம். யார் எதைக் கவனிக்காமல் விட்டார்கள், அதே தப்பு நம் ஆலையில் எந்த மூலையில் உட்கார்ந்திருக்கிறது, அவ்வளவுதான் பேச்சு. போபாலில் தொட்டிக்குள் தண்ணீர் புகுந்த கதையைச் சொல்லியிருக்கிறேன். புகை வந்ததும் அது போகிற திசையிலேயே ஓடிச் செத்தவர்கள் கதையைச் சொல்லியிருக்கிறேன். இதற்காக எனக்கு 'எழவுச் சேதி பாய்' என்று பெயர் வைத்தார்கள். முதுகுக்குப் பின்னால் கூட இல்லை, முகத்துக்கு நேராகவே கூப்பிட்டார்கள்.

கூப்பிட்டுக்கொள்ளட்டும். என் தம்பிக்கு இடது கண்ணில் பார்வை கிடையாது. அவன் முன்பு வேறோர் ஆலையில் வேலை பார்த்தான். ஆயுத பூஜைக்காக அங்கே ஷெட்டைக் கழுவியபோது, மூடி சரியாக இறுகாத ஒரு டிரம்மின் மேல் ஹோஸ் தண்ணீர் விழுந்தது. உள்ளே இருந்தது தண்ணீர் பட்டால் பொங்கிப் புகைகிற சரக்கு. ஹோஸைப் பிடித்திருந்தவர் பிழைக்கவில்லை. தம்பி பக்கத்தில் நின்றவன். இப்போது தர்மபுரியில் ஒரு ஜவுளிக்கடையில் புடவை மடித்துக்கொண்டிருக்கிறான்.

அதே சரக்கு எங்கள் ஆலையிலும் டிரம் டிரம்மாக இருக்கிறது. ஆயுத பூஜையும் உண்டு. நான் சேர்ந்தது ஒரு பொங்கலுக்குப் பிறகு. புரட்டாசி நெருங்கும்போதுதான், பூஜையன்று காலையில் ஆலை முழுவதையும், டிரம் ஷெட் உட்பட, ஹோஸ் போட்டுக் கழுவுவார்கள் என்பது எனக்குத் தெரிந்தது. நேராக மேனேஜரிடம் போனேன். நான் சொல்வதில் தப்பே இல்லை என்று அவர் ஒத்துக்கொண்டார். ஆனால் பூஜை தொழிலாளர்களுடைய காரியம், அதில் நிர்வாகம் தலையிட முடியாது என்றார். பிறகு குரலைத் தாழ்த்தினார்.

"அதுவும் நீங்க போயிச் சொன்னா..." என்று ஆரம்பித்துவிட்டு, முடிக்காமல் பேனாவைத் திறந்து திறந்து மூடினார்.

எனக்குச் சுர்ரென்று ஏறியது. பாய் போய்ப் பூஜையைக் கெடுக்கிறான் என்று பேச்சு வரும், அதுதானே. வந்தால் வரட்டும். என் பெயர் கெட்டால் என்ன, ஒரு மனுஷனுடைய கண் போவதை விடவா அது பெரிது? இப்படியெல்லாம் மனசுக்குள் வீராப்புப் பேசினேனே தவிர, அன்று ராத்திரி சோறு இறங்கவில்லை என்பதையும் சொல்லியாக வேண்டும். பயமாகத்தான் இருந்தது.

பூஜையைப் பொறுப்பாக நடத்துகிறவர் எங்கள் பாய்லர் ஆபரேட்டர். காரிமங்கலம் பக்கத்து விவசாயக் குடும்பத்துக்காரர். விரதம் இருந்து, விடியற்காலையில் குளித்துவிட்டு வந்து, ஹோஸை அவர்தான் பிடிப்பார். முதல் தண்ணீரை அவர் விட்டால்தான் மற்றவர்கள் துடைப்பத்தைத் தொடுவார்கள். அந்த உரிமையை வருஷக்கணக்காக அவர் யாருக்கும் விட்டுக்கொடுத்ததில்லை. ஆக, அந்த டிரம்களில் ஒன்று பொங்கினால் முதலில் வாங்கப்போகிற முகமும் அவருடையதுதான். அந்த முகத்தை நான் தினமும் கேன்டீனில் எதிரே பார்த்துக்கொண்டு டீ குடித்தேன்.

பூஜைக்கு முந்தைய திங்கட்கிழமை, கேட் பக்கத்தில், தம்பி வேலை பார்த்த ஆலையின் கதையைச் சொன்னேன். வழக்கம்போலத்தான் ஆரம்பித்தேன். பக்கத்தில் நின்ற ஆள் என் கூடப் பிறந்தவன் என்று சொல்லித்தான் முடித்தேன். அன்று யாரும் என்னைக் கிண்டல் செய்யவில்லை. பாய்லர்காரர் மட்டும் தொண்டையைச் செருமிக்கொண்டு முன்னால் வந்தார்.

"எல்லாம் சரிங்க பாய். ஆனா கழுவாத மிஷினுக்கு எப்பிடிங்க பொட்டு வெக்கறது? குளிக்காத புள்ளைக்குப் புதுத்துணி போட்டு வுடுவமாங்க?"

கூட்டம் தலையாட்டியது. விவரம் சொல்லியும் புரியாத ஜனமா என்று கத்த வாய் வரைக்கும் வந்துவிட்டது. கத்தியிருந்தால் கதை அங்கேயே முடிந்திருக்கும். அவர் முகத்தைப் பார்த்தேன். அதில் வீம்பு இல்லை. நிஜமாகவே அவருக்கு அது சந்தேகம். அழுக்கோடு இருக்கிற பொருளைச் சாமி முன்னால் நிறுத்த அவருக்கு மனசு வரவில்லை. எனக்கும் அப்படித்தானே, சுத்தம் செய்துகொள்ளாமல் நான் தொழுகைக்கு நிற்பேனா? இந்த யோசனை வந்ததும் கோபம் எங்கே போனதென்று தெரியவில்லை.

"அண்ணா, எங்கள்ல தொழுகைக்கு முன்னாடி ஒளு செய்யணுங்க. கை, முகம், கால் எல்லாம் கழுவணும். தண்ணி கெடைக்கலைன்னாலோ, தண்ணி பட்டா ஒடம்புக்கு ஆகாதுன்னாலோ, சுத்தமான மண்ணைத் தொட்டு முகத்துலயும் கையிலயும் தடவிக்கலாம். அதுவும் சுத்தந்தான். ஆண்டவன் ஏத்துக்கறான்" என்றேன்.

அவர் தாடையைத் தடவிக்கொண்டார். பிறகு அவர் முகத்தில் மெல்ல ஒரு சிரிப்பு வந்தது.

"அட, நம்மள்லயும் இருக்குதுங்களே. காச்சல்ல கெடக்கறவனக் குளிப்பாட்டாம, தொடச்சு வுட்டுத் துன்னூறு பூசித்தான சாமி முன்னாடி உக்கார வெப்போம். அந்த டிரம்முங்களுக்குக் காச்சல்னு நெனச்சுக்கறோம் போங்க."

கேட்டே அதிரும்படி சிரித்தார்கள். டிரம் ஷெட்டில் ஹோஸ் கிடையாது, மஞ்சள் தண்ணீர் தெளிப்பதும் கிடையாது, காய்ந்த துணியால் துடைத்துத் திருநீறு மட்டும் என்று அங்கேயே முடிவானது. கற்பூரம் ஷெட்டுக்குப் பக்கத்தில் வேண்டாம், கேட்டில் ஏற்றிக்கொள்ளலாம் என்று கூடவே ஒன்றைச் சேர்த்தேன். சிரிப்போடு சிரிப்பாக அதுவும் நிறைவேறியது. எல்லோரும் முகமூடி போட்டுத்தான் துடைக்க வேண்டும் என்றபோது மட்டும் பாய்லர்காரர் முணுமுணுத்தார். சாமி காரியத்துக்கு எருமைக்கிடா மூஞ்சியோடு நிற்பதா என்றார். பிடித்தால் குரங்குப்பிடி நான், விடவில்லை.

பூஜையன்று காலையில் பனியன் வேஸ்ட் துணியை எடுத்துக்கொண்டு ஆளுக்கொரு வரிசையாகத் துடைக்க ஆரம்பித்தார்கள். நான் வாசலில் நின்று பார்த்துக்கொண்டிருந்தேன். பாய்லர்காரர் சுவர் ஓரத்து வரிசைக்குப் போனவர், ஒரு டிரம்மின் முன் அப்படியே நின்றுவிட்டார். மூடியின் விளிம்பிலிருந்து நூல் மாதிரி வெள்ளைப் புகை எழுந்துகொண்டிருந்தது. பின்னால் நின்ற ஒருவர் புகையைக் கண்டதும் பக்கத்து ஷெட்டைக் கழுவ வாசலுக்கு வெளியே வைத்திருந்த தண்ணீர் வாளியைத் தூக்கிவிட்டார். புகை என்றால் தண்ணீர், யாருக்கும் கை அப்படித்தான் போகும். பாய்லர்காரர் இரண்டு கையையும் விரித்துக் குறுக்கே நின்றார்.

"தண்ணி வேண்டாம். கீழ வெய்யி. எல்லாரும் காத்தப் பாத்து வெளிய போங்க."

ஷெட் கூரையில் காற்றுத் திசை பார்ப்பதற்காக ஒரு பழைய சேலைக் கிழிசலைக் கட்டி வைத்திருந்தேன். அது மெயின் கேட் பக்கமாகப் பறந்தது. வழக்கமாக ஜனம் ஓடுகிற வழியும் அதுதான். அன்று ஒருவர்கூட அந்தப் பக்கம் போகவில்லை. காற்றுக்குக் குறுக்கே, பக்கவாட்டுக் கதவு வழியாக, தள்ளுமுள்ளு இல்லாமல் வெளியே வந்து நின்றார்கள். யாரோ எங்கோ செத்துச் சொல்லிவிட்டுப் போன பாடம் இவர்கள் கால்களில் இறங்கியிருந்தது.

பயிற்சி எடுத்தவர்கள் காற்று சிலிண்டர் மாட்டிக்கொண்டு என்னோடு உள்ளே வந்தார்கள். கசிந்த இடத்தில் காய்ந்த மணலைக் கொட்டினோம். மூடிக்கு அடியில் வாஷர் விரிசல் விட்டிருந்தது. புதிதைப் போட்டு இறுக்கி, டிரம்மைத் தனியே கொண்டுபோய் வைத்தோம். மதியச் சாப்பாட்டுக்குள் எல்லாம் முடிந்துவிட்டது. யாருக்கும் ஒரு இருமல்கூட இல்லை.

வெளியே வந்தபோது பாய்லர்காரர் வேப்பமரத்தடியில் உட்கார்ந்திருந்தார். முகமூடி இன்னும் கையிலேயே இருந்தது. என்னைப் பார்த்ததும் எழுந்தார்.

"பாய், அந்த டிரம்மு இருந்த எடத்துக்கு முன்னால நின்னுதாங்க வருசா வருசம் மொதத் தண்ணி வுடுவேன்" என்றார். அவர் கையைப் பிடித்துக்கொண்டேன்.

நான் ஜெயித்தேன். இதைச் சொல்லிக்கொள்ள எனக்கு வெட்கமே கிடையாது. நடக்காத விபத்துக்கு யாரும் மாலை போடமாட்டார்கள், ஆனால் அன்று சாயங்காலம் பொரி கடலைத் தட்டை மேனேஜரே தூக்கிக்கொண்டு வந்து முதல் கையை எனக்குத்தான் அள்ளிக் கொடுத்தார். நான் மறுக்காமல் வாங்கித் தின்றேன். இனிப்பாக இருந்தது.

பூஜை பார்க்கக் குடும்பங்களெல்லாம் வந்திருந்தன. ஒவ்வொரு மிஷினுக்கும் திருநீறு பூசிவிட்டு வந்த பாய்லர்காரரின் முகமெல்லாம் வெள்ளையாக இருந்தது, புருவம், இமை உட்பட. பச்சைப் பாவாடை கட்டிய அவருடைய சின்ன மகள் ஓடிவந்தாள். அவர் குனிந்து அவளைத் தூக்கிக்கொண்டார். கண்ணை மூடச் சொல்லி அவள் தன் உள்ளங்கையால் அவர் இமைகளைத் துடைத்தாள், பிறகு வாயைக் குவித்து ஊதினாள்.

"இப்பத் தொறப்பா" என்றாள்.

அவர் இரண்டு கண்ணையும் திறந்து மகளைப் பார்த்தார்.