ஜெயந்தி ஆன்ட்டி அழுத காட்சி

எடிட்டிங்கில் சேர ஆசைப்படும் பிள்ளைகள், எந்த சாஃப்ட்வேர் படிக்கலாம் என்று என்னைக் கேட்கிறார்கள். அது யூட்யூபில் கிடைக்கும். நான் வேறு விஷயம் சொல்கிறேன்.

1. உல்ரிகே

அமெரிக்காவில் ஃப்ரீமான்ட் நகரில் வேலைக்குச் சேர்ந்த முதல் நாளே உல்ரிகே என்ற ஜெர்மன் எடிட்டருக்கு உதவியாளராக உட்கார்ந்தேன். ஜெர்மனியில் முப்பது வருடம் சினிமாவும் டிவி தொடர்களும் வெட்டி ஒட்டியவர். பெயர் கேள்விப்பட்டிருக்கிறீர்களா? ஜெர்மனியிலேயே யாரும் கேள்விப்பட்டதில்லை. படம் முடிந்து நீங்கள் கார் சாவியைத் தேடும்போதுதான் அவர் பெயர் திரையில் வரும்.

குடியேறிய நிஜக் குடும்பங்களை வீட்டுக்கே போய்ப் படம்பிடிக்கும் டிவி தொடர் அது. எங்களுக்கு வந்தது ஜெயந்தி ஆன்ட்டி வீடு. அவர் மகன் கார்த்திக் புது வேலைக்காக வேறு மாநிலத்தில் இருக்கும் இர்விங் நகருக்குப் போகிறான். ஆன்ட்டி சிரித்துக்கொண்டே வழியனுப்பினார். அதுதான் குற்றம்.

2. மிளகாய்

தயாரிப்பாளர் ரவி கோயம்புத்தூர்க்காரர். "சார்னு கூப்பிடாத, இது அமெரிக்கா" என்பார். கூப்பிடாவிட்டால் முகம் சுருங்கும்.

"பையன் போறான், அம்மா சிரிக்குது. நம்மூரு அம்மா அழலைன்னா எவன் பார்ப்பான்?"

"அவங்க அழவே இல்ல சார்."

"கிச்சன் ஷாட்ல கண்ணத் தொடைக்குதே?"

"அது மிளகாய் நெடி. பொடிக்கு வறுத்தாங்க."

"கண்ணீர்ல மிளகாய்னு எழுதியிருக்கா? எடுத்து ஒட்டும்மா."

ஒட்டினேன். "கிளம்பறேம்மா" என்கிறான் மகன். ஆன்ட்டி துப்பட்டாவால் கண்ணைத் துடைக்கிறார். ஒரே நாள், ஒரே சுடிதார். கச்சிதம்.

உல்ரிகே பார்த்தார். எதற்கு அழுகிறார் என்று கேட்டார். சொன்னேன். ஷாட்டைத் தூக்கிவிட்டார். திரும்பப் போட்டால் தன் பெயரை எடுத்துவிடும்படி ரவியிடம் சொன்னார். ரவி சந்தோஷமாக எடுத்துவிட்டு என் பக்கம் திரும்பினார்.

"நீயே முடிச்சிரு. எடிட்டர்னு உன் பேரு வரும். உன் கிரீன் கார்டு பேப்பரும் நம்மகிட்டதான இருக்கு?"

எனக்கு பயங்கரக் கோபம். அந்தக் கோபத்தோடேயே அந்த ஷாட்டைத் திரும்ப ஒட்டி, ஒரு மணி நேரத்தில் முடித்துக் கொடுத்தேன்.

3. மௌரி அவென்யூ

நிகழ்ச்சி வந்த வாரம், மௌரி அவென்யூ மளிகைக் கடையில் ஆன்ட்டி பிடித்துக்கொண்டார்.

"நான் எப்பம்மா அழுதேன்? கார்த்திக் அதப் பார்த்துட்டு வேலைய விட்டுட்டு வரேங்கறான். ரெண்டு வருஷம் தேடிக் கிடைச்ச வேலை!"

"ஆன்ட்டி, ப்ரொட்யூசர்தான்..."

"அவர யாருக்குத் தெரியும்? தமிழ்ப் பொண்ணு நீ இருக்கேன்னுதான் கேமராவ வீட்டுக்குள்ள விட்டேன்."

அங்கேயே நின்று கார்த்திக்குக்கு போன் போட்டேன். "அம்மா அழலப்பா. மிளகாய் வறுத்தாங்க. நான்தான் கொண்டுவந்து ஒட்டினேன்."

"அம்மா சொல்லச் சொன்னாங்களா அக்கா? நான் டிவில என் கண்ணால பார்த்தேனே" என்றான்.

அடுத்த வாரம் வேலையை விட்டுவிட்டு வந்து சேர்ந்தான். என் வேலை அவ்வளவு சுத்தம்.

முடியாது என்று சொல்லும் இடம் எடிட் ரூம். அங்கே வாயை மூடிக்கொண்டு, பிறகு மளிகைக் கடையில் நின்று உண்மை பேசினால் ஒருவரும் நம்ப மாட்டார்கள். நம்ப வேண்டிய அவசியமும் அவர்களுக்கு இல்லை.