தையல் போட்ட குடமிளகாய்

சோஃபாக்காரர் ஒரு குடமிளகாயை எடுத்துக் கடைப் பலகையின் மேல் நிற்க வைக்கிறார். ஆடினால் திரும்பக் கூடைக்கே போகும். ஆடாமல் நின்றால், கவிழ்த்து அடியில் எத்தனை முண்டு புடைத்திருக்கிறது என்று பார்க்கிறார். மூன்று என்றால் அரை மனசு. நான்கு இருந்தால்தான் பைக்குள் இடம். பின்னால் இரண்டு பேர் காத்திருப்பது அவருக்கு ஒரு பொருட்டே இல்லை.

காய்கறிக்கடை அம்மாளுக்குப் பொறுமை போய்விடுகிறது. "அண்ணே, நீங்க காய் வாங்க வந்தீங்களா, பொண்ணு பார்க்க வந்தீங்களா?"

"தங்கச்சி, கால் ஆடுற நாற்காலியை நான் இதுவரைக்கும் டெலிவரி குடுத்ததில்ல. மிளகாய்னா மட்டும் விட்டுடுவேனா?"

"நாற்காலியில ஆள் உக்காரும். இதுல யாரு உக்காரப் போறா?"

"கொத்துக்கறி உக்காரப் போகுது. அதுக்கும் ஒரு மரியாதை வேணாமா?"

எங்கள் தெருவில் சோஃபாக்காரர் என்று சொன்னால்தான் அவரைத் தெரியும். பெயர்ப்பலகையில் உள்ள பெயரைச் சொல்லிக் கேட்டால் தபால்காரரே கொஞ்சம் யோசிப்பார். கீழே பட்டறை, மேலே வீடு. கிழிந்த சோஃபா, பஸ் சீட்டு, பல் டாக்டரின் சாய்வு நாற்காலி, சலூன் நாற்காலி என்று உட்காரும் இடம் எதுவாக இருந்தாலும் அவர் கைக்கு வரும். நாலாம் வகுப்பில் பள்ளிக்கூடம் அவரை விட்டதா, அவர் பள்ளிக்கூடத்தை விட்டாரா என்பது இன்றுவரை தீராத வழக்கு. நஷ்டம் பள்ளிக்கூடத்துக்குத்தான் என்பது அவர் கட்சி. இந்தத் தெருவில் பாதிப் பேர் உட்கார்ந்திருப்பது தன் கைவேலை மேல் என்று சொல்லிக்கொண்டு நடப்பார். சொல்லட்டுமே. யார் கையையும் எதிர்பார்க்காமல் எழுந்தவன் நாலு வார்த்தை கூடுதலாகத்தான் பேசுவான். எதிர்ச்சாரியில் இரும்புக்கடை வைத்து, ஒரு பயலிடமும் கைமாற்று வாங்காமல் மாடி எழுப்பிய எங்களுக்கு அது நன்றாகப் புரியும்.

அவரிடம் ஒரு விசித்திரப் பழக்கம் உண்டு. உயிரில்லாத பொருளுக்கெல்லாம் நன்றி சொல்வார். கடை சாத்தும்போது தையல் மிஷினின் தலையைத் தட்டி, "இன்னைக்கும் மானத்தைக் காப்பாத்தினே, நல்லா இரு" என்பார். கத்தரிக்கோலுக்கு ஒரு சொட்டு எண்ணெய், ஒரு நன்றி. காலியான கேஸ் சிலிண்டரை வண்டியில் ஏற்றும்போது, "நல்லா உழைச்சே ராசா" என்று அதன் தோளைத் தடவுவார். சிலிண்டர்காரன் முதல் தடவை தன்னைத்தான் சொல்கிறார் என்று வெட்கப்பட்டுவிட்டான்.

மனிதர்களுக்கு மட்டும் அந்தச் சொல் அவர் வாயிலிருந்து வராது. அவர் மனைவி இதைப் பலமுறை கேட்டுவிட்டாள்.

"ஏங்க, மிஷினுக்குச் சொல்ற வாய்க்கு, மருமகளுக்கு ஒரு வார்த்தை சொல்ல வராதா?"

"மிஷின் பதில் பேசாதுடி. இவ பேசுவா. அப்புறம் நான் என்ன பேசுறது?"

மருமகளுக்குச் சொல்ல வேண்டிய வார்த்தை இரண்டு வருஷத்துப் பாக்கி. பக்கவாதம் வந்து அவருடைய இடப்பக்கத்தை இழுத்துப் போட்டிருந்த காலம் அது. தண்ணீர் குடித்தாலே புரையேறும். மகனுக்குக் கப்பலில் வேலை. வருஷத்தில் பாதி தண்ணீரில் இருப்பவன். மனைவிக்குப் பதற்றத்தில் கரண்டி நடுங்கும். மருமகள்தான் வேலைக்குப் போகுமுன் ஒருமுறை, மத்தியானம் ஓடிவந்து ஒருமுறை, சாயங்காலம் ஒருமுறை என்று முதுகுக்குத் தலையணை கொடுத்து நிமிர்த்தி, குழையக் கரைத்த கஞ்சியைச் சின்னக் கரண்டியால் ஊட்டினாள். தொண்டை அசைந்து உள்ளே போனதைப் பார்த்த பிறகுதான் அடுத்த வாய். அப்படியே மாதக்கணக்கில் ஓடியது. இன்று அவர் நடக்கிறார், பேசுகிறார், இரண்டு கையாலும் வேலை செய்கிறார். அந்தக் கதையைப் பட்டறைக்கு வருகிறவர்களுக்கு அவரே சொல்வார். "யமன் வந்தான். வாயைத் தச்சு அனுப்பிட்டேன்" என்று முடியும். அதில் மருமகள் வரமாட்டாள்.

மருமகளுக்கு மூக்குக்கண்ணாடிக் கடையில் வேலை. வருகிறவர்களின் முகத்தில் ஃபிரேமை மாட்டி, காதோரம் வளைவு சரியா, மூக்கில் அழுத்துகிறதா என்று விரலால் தொட்டுப் பார்க்க வேண்டும். போன மழைக்காலத்தில் அவளுடைய உள்ளங்கையும் விரல்களும் உதடும் வெடித்துச் செதில் செதிலாக உரியத் தொடங்கின. தொற்றாது என்று டாக்டர் சத்தியம் செய்யாத குறையாகச் சொன்னார். ஆனால் முகத்தருகே அந்த விரல் வரும்போது தலையைப் பின்னால் இழுத்துக்கொள்கிற ஆளிடம் டாக்டரையா கூட்டிவர முடியும்? முதலாளி அவளைக் கொஞ்ச நாளைக்கு உள்ளறையில் லென்ஸ் தேய்க்கப் போட்டார்.

களிம்பு, மாத்திரையோடு டாக்டர் இன்னொன்றும் சொன்னார். "கறாரா பேலியோ டயட்ல இருந்து பாருங்க. சிலருக்குக் கேக்குது, சிலருக்குக் கேக்கல. அடுத்த தடவை நான் பார்க்கிற வரைக்கும் நடுவுல விடாம இருந்தாத்தான் எனக்கே தெரியும்." அரிசி இல்லை, கோதுமை இல்லை, பருப்பு இல்லை, பால் இல்லை, சர்க்கரை இல்லை. பட்டியலைக் கேட்ட சோஃபாக்காரர், "அப்போ மிச்சம் காத்தும் தண்ணியும்தானா?" என்று கேட்டார்.

கிட்டத்தட்ட அப்படித்தான் ஆயிற்று. வேலை முடிந்து களைத்து வருகிறவள் இரண்டு முட்டையை வேகவைத்து, வெள்ளரிக்காயை நறுக்கி, அடுப்படியில் நின்றபடியே விழுங்கிவிட்டுப் போவாள். உள்ளே எல்லோருக்கும் சோறு மணக்கும். ஒருநாள் அவள் கணவனிடம் போனில் பேசியது மாடிப்படியில் நின்ற சோஃபாக்காரரின் காதில் விழுந்தது. "பசி இல்லைங்க, சலிப்பு. டாக்டர் பார்க்கிற வரைக்கும் தாங்குவேனான்னு தெரியல."

மறுநாள் யாரோ ஒரு வாடிக்கையாளரின் கைபேசியில், குடமிளகாய்க்குள் கறியை அடைத்து வேகவைப்பதைக் கண்டார். அடைப்பது என்ற சொல் போதுமே. ஐம்பது வருஷமாக ஊரிலுள்ள மெத்தைக்கெல்லாம் பஞ்சு அடைத்த கை. அடுப்பில் வெந்நீர்கூட வைத்தறியாத மனிதர், "அடைக்கிற வேலைன்னா உலகத்துல என்னைக் கேட்டுத்தான்" என்று மார்தட்டிக்கொண்டு சமையலறைக்குள் புகுந்தார்.

அன்றைக்கு அவர் செய்த காரியத்தை எந்தச் சமையல்காரனும் செய்திருக்க மாட்டான். மிளகாயின் தலையைச் சீவி, விதையைத் தோண்டி, பச்சைக் கொத்துக்கறியைக் கட்டைவிரலால் மூலை முடுக்கெல்லாம் திணித்தார். தலையை மேலே வைத்தார். பட்டறையிலிருந்து வளைந்த ஊசியையும் நைலான் நூலையும் எடுத்துவந்து, மூடியைச் சுற்றிலும் நெருக்கமாகத் தையல் போட்டார். சோஃபாவின் கைப்பிடிக்குப் போடுகிற அதே தையல். பிறகு எண்ணெய் விட்டு அடுப்பை முழுசாகத் திருகினார். ஆவிக்கு வழி ஏது? முதல் மிளகாய் வெடித்த சத்தத்தில் எதிர்க்கடையில் ஆணி எடை போட்டுக்கொண்டிருந்த நாங்களே நிமிர்ந்து பார்த்தோம். நூலின் நுனி உருகி, பிளாஸ்டிக் எரிந்த நாற்றம் தெருமுனை வரை போயிற்று.

மனைவி மூக்கைப் பொத்திக்கொண்டு வந்து நின்றாள். "மிளகாய்க்கு மெத்தை தச்சீங்களா? ஜிப் வைக்க மறந்துட்டீங்களே!"

"தையல் பிரியல பார்த்தியா? மிளகாய்தான் பிரிஞ்சிருக்கு. சரக்குல கோளாறு."

மருமகள் வந்து பார்த்தாள். சுவரில் கறி, ஊசி இன்னும் ஒரு மிளகாயில் தொங்குகிறது. சிரிக்கத் தொடங்கியவள் சுவரைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டாள். கை வெடித்ததிலிருந்து அந்த வீடு அவள் சிரிப்பைக் கேட்டதில்லை. அன்றும் அவளுக்கு வேகவைத்த முட்டைதான். சோஃபாக்காரருக்கோ விருது வாங்கிய தெம்பு.

அதன்பின் ஒவ்வொரு நாள் சாயங்காலமும் பட்டறையை ஒரு மணி நேரம் முன்னதாகவே சாத்தினார். பஞ்சு வைத்த இடத்தில் இருக்கும். கறியோ சுருங்கித் தண்ணீர் விடும் என்று கற்றார். கறியைத் தனியே வெங்காயம், பூண்டு, மிளகுத்தூளோடு தேங்காய் எண்ணெயில் சுருள வதக்கினார். காலிஃபிளவரைத் துருவி, உப்புப் போட்டு, மெத்தைத் துணியில் கட்டிப் பிழிந்தார். பிழிந்து வந்த தண்ணீரை மனைவியிடம் காட்டி, "இவ்வளவும் உள்ள போயிருந்தா வீடு மிதந்திருக்கும்" என்றார். ஒரு விரல் இடம் விட்டு அடைத்தார். தைக்காமல் மூடியைச் சும்மா வைத்தார். கனமான பாத்திரத்தில் மிளகாய்கள் ஒன்றுக்கொன்று தோள் கொடுத்து நிற்கும்படி நெருக்கி, தீயைச் சிறுசாக வைத்து மூடினார்.

ஆனாலும் வெட்டினால் உள்ளே இருப்பது பொலபொலவென்று உதிர்ந்தது. மனைவி தாழ்ந்த குரலில் யோசனை சொன்னாள். "ஒரு கைப்பிடி கடலைமாவு போட்டுப் பிசைங்களேன். உள்ள இருக்கிறது யாருக்குத் தெரியப் போகுது?"

அவருக்குச் சுருக்கென்று கோபம் வந்தது. "உள்ள கிழிஞ்ச துணியைத் திணிச்சு மேல வெல்வெட் போடுறவன் பட்டறை எத்தனை இருக்குன்னு உனக்குத் தெரியுமா? நான் ஒரு சோஃபாவுலயாவது அப்படிப் பண்ணியிருக்கேனா? அவ நம்பிச் சாப்பிடப் போறாடி." முட்டையை அடித்து ஊற்றிப் பிசைந்தார். பிடித்துக்கொண்டது. "எப்படி? கண்டுபிடிச்சது யாரு?" என்றார். முட்டைக்கும் ஒரு நன்றி சொன்னார்.

மருமகள் சாப்பிட்டாள். நன்றாக இருக்கிறது என்று சொன்னாள். சில நாள் ஒன்று, சில நாள் பாதி. கை அப்படியேதான் இருந்தது.

போன சனிக்கிழமை அவள் வீட்டுக்குள் வந்தபோது கையில் ஒரு பன் பாக்கெட் இருந்தது. பையைக்கூட இறக்காமல் மேசை முன் உட்கார்ந்தாள்.

"முதலாளி இனிமே உள்ளறையிலேயே இருந்துடுன்னு சொல்லிட்டார் மாமா. யாரோ கம்ப்ளெயின்ட் பண்ணியிருக்காங்க." பாக்கெட்டின் ஓரத்தைப் பல்லால் கிழித்தாள். விரலால் கிழிக்க முடியாது, வலிக்கும். "டாக்டர் பார்க்க இன்னும் ஒரு வாரம் இருக்கு. என்னால முடியாது. இன்னையோட விட்டுட்டேன்."

மாமியார் அடுப்படியிலிருந்து வந்து மேசையோரம் உட்கார்ந்தாள். பன்னின் இனிப்பு வாசனை மேசையெங்கும் பரவியது.

"இன்னைக்கு வந்திருக்கு பாரு ஒரு பதம், இந்த ஊர்ல எவனும்..." என்று ஆரம்பித்த சோஃபாக்காரர் அவள் முகத்தைப் பார்த்தார். மிச்சத்தை விழுங்கிக்கொண்டார். உள்ளே போய், பாத்திரத்தைத் திறந்து, சிவப்பாக ஒன்றை எடுத்துத் தட்டில் வைத்துக் கொண்டுவந்தார். அவள் எதிரே உட்கார்ந்து கத்தியால் நான்காகப் பிளந்தார். ஆவி குபுகுபுவென்று எழுந்தது. அவளுடைய விரலும் சூடு தாங்காது, வெடித்த உதடும் தாங்காது.

தட்டைத் தன் பக்கம் இழுத்து, குனிந்து ஊதினார். பக்கவாதம் வந்து போன வாய். இடது ஓரம் இன்னும் முழுசாக மூடாது. காற்று அந்தப் பக்கமாகவே கசிந்து ஓடிற்று. இடது கையின் ஆள்காட்டி விரலால் உதட்டோரத்தை அழுத்திப் பிடித்துக்கொண்டு மறுபடி ஊதினார். ஒரு துண்டு, அடுத்த துண்டு. நிமிர்ந்து பார்க்கவில்லை.

மருமகள் அந்த விரலையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு வாய்க்கருகே கொண்டுபோன பன்னைத் திரும்பப் பாக்கெட்டுக்குள் போட்டு, முழங்கையால் மாமியார் பக்கம் தள்ளினாள்.

"அத்தை, இதை நீங்க வெச்சுக்கங்க" என்று சொல்லிவிட்டுத் தட்டுக்குக் கை நீட்டினாள்.

அவர் தட்டை விடவில்லை. கடைசித் துண்டை ஊதிக்கொண்டிருந்தார்.