சர்க்கார் குடிக்காத தண்ணீர்

எனக்கு எழுதிப் பழக்கமில்லை. ஐந்தாம் வகுப்போடு நின்றவள். கோர்வையாக வராது, பாதி மறந்தும் போச்சு. பொறுத்துக்கொண்டு படியுங்கள். கனடாவில் மகன் வீட்டில் இருக்கிறேன். போன வாரம் கடை வாசலில் மகன் காரைப் பின்னால் எடுத்தபோது, ஒரு வெள்ளைக்காரப் பெண்ணின் கார்மேல் லேசாக இடித்துவிட்டது. நான் இறங்கிக் கை இரண்டையும் கூப்பி, தெரிந்த ஒரே வார்த்தையாக "சாரி, சாரி" என்றேன். அவள் பதறிப்போய் என் தோளைப் பிடித்தாள். எனக்குத்தான் அடிபட்டுவிட்டதென்று நினைத்தாளாம். மகன் காதோடு கடிந்தான். "அம்மா, பேசாம உள்ள உக்காருங்க. இங்க சாரின்னா தப்பு நம்மளுதுன்னு ஆயிரும். இன்சூரன்ஸ்காரன் பாத்துக்கிடுவான்." நான் கண்ணாடி ஏற்றிய காருக்குள் போய் உட்கார்ந்தேன்.

அவன் அப்பா புதுக்கோட்டை – திருச்சி பஸ் டிரைவர். திருக்கோகர்ணத்தில் வாடகை வீடு. சமஸ்தானம் இந்தியாவோடு சேர்ந்து சில வருடம் ஆகியிருக்கும். நார்த்தாமலைப் பக்கம் ஒரு மாட்டுவண்டி, மாடு மிரண்டு பஸ்ஸுக்குக் குறுக்கே வந்துவிட்டது. வண்டி ஓட்டியவர் அங்கேயே போய்விட்டார். போலீஸ் கேஸ் போட்டது. இவர் ஜாமீனில் வந்தார். மாடு மிரண்டதைப் பஸ்ஸில் இருந்தவர்கள் பார்த்தார்கள். ஆனாலும் செத்தவர் ஊரோடு பகை ஆகக் கூடாதே. அந்த ஊரில் ஒரு வழக்கம். யார் கையால் உயிர் போச்சோ அவர் பதினாறாம் நாள் காரியத்துக்குப் போய், கூட்டத்து நடுவில் விழுந்து, தப்பு தன்னுடையது என்று சொல்ல வேண்டும். நிஜத்தில் யார் தப்பு என்று ஒருவரும் கேட்க மாட்டார்கள். செத்தவர் பெண்சாதி தன் குடத்துத் தண்ணீரைக் கொடுப்பாள். குடித்துவிட்டால் இரண்டு வீடும் ஒரு வீடு. சொன்ன சொல்லை அப்புறம் மறுக்கக் கூடாது.

இவரும் விழுந்தார். செத்தவர் பெண்சாதி வெள்ளையம்மா சொம்பை நீட்டினாள். "எந்திரிங்க தம்பி, குடிங்க. என் வீட்ல ஒருத்தரு போயிட்டாரு, ஒருத்தரு வந்துட்டீங்க." வழக்குத் தீர்ந்தது என்றே நானும் நினைத்தேன்.

தீரவில்லை. கோர்ட்டிலிருந்து சம்மன் வந்தது. "ஊர்ல என்ன வேணாலும் பேசியிருங்க. கோர்ட்ல மாடு மெரண்டுச்சுன்னு உள்ளதச் சொல்லுங்க, வெளிய வந்துரலாம்" என்றார் வக்கீல். ஜெயிலா வீடா என்று விசாரணை அன்றைக்குத் தெரிந்துவிடும். போலீஸ் சாட்சியாகக் கூப்பிட்டிருந்த வெள்ளையம்மா, இவரைக் காப்பாற்றவென்று ஊரையே திரட்டிக்கொண்டு வந்தாள்.

கூண்டில் ஏறிக் கும்பிட்டாள். "எசமான், அவரு நல்ல மனுசரு. தப்பு என்னுதுன்னு எல்லாரு முன்னாலயும் ஒத்துக்கிட்டு எங்க வீட்டுத் தண்ணியக் குடிச்சுட்டாரு. எங்களுக்குள்ள ஒண்ணுமில்ல. விட்ருங்க."

வக்கீல் தலையில் கை வைத்துக்கொண்டார். மாஜிஸ்திரேட் இவரைப் பார்த்தார். "இந்த அம்மா சொல்றது நெசமா?"

வக்கீல் 'இல்லை என்று சொல்' எனத் தலையை ஆட்டுகிறார். வெள்ளையம்மா 'சொல்லுங்க தம்பி' என்று சிரித்த முகமாக நிற்கிறாள். இல்லை என்றால் குடித்த தண்ணீருக்குத் துரோகம். இவர் வெள்ளையம்மாவைப் பார்த்துக் கும்பிட்டார். பிறகு, "நெசந்தாங்க எசமான்" என்றார்.

திருச்சி ஜெயிலுக்குக் கொண்டுபோனார்கள். வெள்ளையம்மா வாயில் அடித்துக்கொண்டாள். "நாங்கதான் தீத்துக்கிட்டமே, இது யாரு கேசு?"

கோர்ட் சேவகர் சொன்னார்: "இது சர்க்கார் கேசு ஆத்தா. நீங்க தண்ணி குடிச்சுத் தீத்துக்கிட்டீங்க, சர்க்காருக்கு யாரு மொண்டு குடுத்தா?" பக்கத்தில் இரண்டு பேர் சிரித்தார்கள்.

அவளை ஏச எனக்கு வாய் வரவில்லை. அவள் மகன்கள் தலைச்சுமையாக நெல் கொண்டுவந்து போட்டார்கள். ஒரு வீடு ஆயிற்றே, வேண்டாம் என்று சொல்ல முடியாது. அதைத்தான் பொங்கித் தின்றேன். அவர் திரும்பி வந்தபோது லைசென்ஸ் போயிருந்தது. பஸ் கழுவும் வேலைதான் கிடைத்தது. மகன் படித்து எங்களை இங்கே கூட்டிவந்தான்.

ஒரு பனிக்காலத்தில் இங்கேயே அவர் போய்விட்டார். பெற்ற மகன் மூன்றாம் நாள் ஆபீசுக்குப் போனான். அவனைக் குறை சொல்லவில்லை, லீவு அவ்வளவுதான். வெள்ளையம்மாவின் மகன்கள் சேதி கேட்டு மொட்டை போட்டு, பதினாறு நாளும் தீட்டுக் காத்தார்களாம். அவர் சாம்பல் இங்கே ஏரியில்; அவர் தீட்டுக் கழிந்தது அந்த ஊரில். நான் தாலி அறுத்தது எந்த ஊரில் என்று கேட்டால் எனக்குச் சொல்லத் தெரியாது.

அது கீரனூர்க் கோர்ட்டா புதுக்கோட்டைக் கோர்ட்டா என்று சந்தேகமாக இருக்கிறது. நார்த்தாமலை, குளத்தூர்ப் பக்கத்துக்காரர்கள் யாராவது விசாரித்துத் திருத்திவிடுங்கள். வெள்ளையம்மா கூண்டில் சொன்னதை மட்டும் திருத்த வேண்டாம்.