பத்திரத்துக்கு முன்னால் உழவு

பெரியப்பா காபியைக் குடிக்காமல் கையிலேயே வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தால், ஏதோ கேட்க வந்திருக்கிறார் என்று அர்த்தம். மந்தாரக்குப்பத்தில் எங்கள் வாடகை வீட்டில் அன்று அந்தக் காபியில் ஆடையே படிந்துவிட்டது. அப்பா முதல் ஷிப்ட் முடித்து அப்போதுதான் வந்திருந்தார். அவருக்குச் சுரங்கத்தில் காண்ட்ராக்ட் வேலை. நான் சட்டம் படிக்கிறேன், மூன்றாம் வருடம்.

ஊரில் எங்கள் நிலம் கிழக்கே ஒரு கொல்லை, மேற்கே ஒரு கொல்லை. இரண்டிலும் நடுவில் வரப்பு. அண்ணன் தம்பி இருவருக்கும் பாதிப் பாதி. டிராக்டர் திரும்பக்கூட இடமில்லை என்று பேச்சை ஆரம்பித்தவர் பெரியப்பாதான். கிழக்கு முழுக்க அவருக்கு, மேற்கு முழுக்க எங்களுக்கு. மேற்கில் அவர் பாதியில்தான் போர்வெல் இருந்தது. அதையும் விட்டுக்கொடுத்தார். அப்பா பூரித்துப் போனார். எனக்கு மட்டும் உறுத்தியது. தண்ணீரை யாராவது சும்மா விடுவார்களா?

எங்கள் பக்கம் பத்திரத்துக்கு முன்னால் உழவு. பேசி முடித்த மறுநாளே வரப்பைக் கலைத்து உழுதுவிட வேண்டும், அப்போதுதான் சொன்ன சொல்லுக்கு மரியாதை. பதிவைத் தை பிறந்ததும் வைத்துக்கொள்ளலாம் என்றார்கள். அப்பா போருக்குப் புது மோட்டார் போட்டார், மேற்கு முழுக்க மணிலாக் கடலை விதைத்தார். காண்ட்ராக்டை விட்டுவிட்டு அங்கேயே போய்விடுவது என்று முடிவும் செய்துவிட்டார்.

தை பிறக்கும் முன்பே சுரங்கத்துக்கு நிலம் எடுக்கும் அறிவிக்கை வந்தது. கிழக்குக் கொல்லை அதற்குள் மாட்டியது, மேற்கு தப்பியது. பதிவு அலுவலகத்தில் இருந்தவர் நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை.

"விக்கவும் கூடாது, மாத்திக்கவும் கூடாது, அடமானமும் வைக்கக் கூடாது. கலெக்டர் விலக்கு குடுத்தா எடுத்துகினு வாங்க."

ஆக, கிழக்கிலும் மேற்கிலும் பட்டா பழையபடியே நின்றுவிட்டது.

பெரியப்பா காபியை ஒரு சுற்றுச் சுற்றினார்.

"தம்பி, கெழக்கால பாதிக்கு எழப்பீடு ஒன் பேர்ல வருமாம். வந்தா என்னாண்ட குடுத்துடு. பேசனபடி அது என் கொல்லதானே."

"குடுத்துடறேண்ணா" என்றார் அப்பா, யோசிக்காமல்.

என்னால் சும்மா இருக்க முடியவில்லை. பெரியப்பா மகன் ஜீப் ஓட்டுகிறான். சுரங்கத்துக்கு நிலம் அளக்க வருபவர்களை ஏற்றிச் செல்வதுதான் அவன் வேலை.

"பெரிப்பா, கெழக்கால மைன்ஸ் வரப்போவுதுன்னு ஒங்களுக்கு முன்னாடியே தெரியுமா?"

"எனக்கு எப்பிடிம்மா தெரியும்?"

"அண்ணன்தான் சர்வேக்காரங்கள ஏத்திகினு சுத்துதே."

"அவன் ரோட்டப் பாத்து ஓட்டுவானா, பின்சீட்டுப் பேச்சக் கேட்டுகினு இருப்பானா?"

"ஏய், உள்ள வா" என்று சமையலறையிலிருந்து அம்மா கூப்பிட்டாள். நான் போகவில்லை.

"அது எப்பிடியோ, சட்டப்படி அந்த மாத்தம் செல்லாது பெரிப்பா. பதியவே இல்ல. இப்ப பதியவும் முடியாது."

பெரியப்பா காபியை ஆடையோடு ஒரே மடக்கில் குடித்தார்.

"செல்லாதா? அப்ப மேக்கால போர் யாருது?"

அப்பா முகம் வெளுத்தது. "வுடுண்ணா, சின்னப் பொண்ணு."

"எது சின்னப் பொண்ணு? வக்கீலுடா. வக்கீலு சொன்னா கேட்டுக்கணும்."

ஞாயிற்றுக்கிழமை நாங்கள் மேற்குக் கொல்லைக்குப் போனபோது வரப்பைத் திரும்பப் போடப் பெரியப்பா மண்வெட்டியோடு நின்றிருந்தார். பழைய வரப்பின் ஒரு முனையில் வேப்பமரம் இருந்தது. மறுமுனை எது என்று யாருக்கும் தெரியவில்லை. உழுதபோது எல்லாம் ஒன்றாகிவிட்டிருந்தது. அப்பா ஓர் இடத்தைக் காட்டினார், பெரியப்பா இன்னோர் இடத்தை. கடைசியில் இரண்டுக்கும் நடுவில் என்று முடிவாகி, கயிற்றின் நுனியை என்னிடம் கொடுத்தார்கள்.

"கயித்த ஏம்மா ஒன் பக்கம் இழுக்கிற?"

"இழுக்கல பெரிப்பா."

அவர் நடந்து வந்து கயிற்றின் மேல் காலை வைத்துக்கொண்டார். அவர் சந்தேகப்பட்டது எனக்குப் பெரிதாகத் தெரியவில்லை. ஆனால் அப்பாவும் என் கையைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்.

பூ விட்டிருந்த மணிலாச் செடிகளின் மேலேயே மண் விழுந்தது. இருவரும் ஆளுக்கொரு பக்கம் வெட்டிப் போட்டார்கள். ஒருவர் மண்வெட்டி எங்கே இறங்குகிறது என்று மற்றவர் பார்த்துக்கொண்டே வெட்டினார். போர் வரப்புக்கு அந்தப் பக்கம் போய்விட்டது, அப்பா போட்ட மோட்டாரோடு.

"தண்ணிக்கு ஒரு மடையாவது வுட்டுடுண்ணா" என்றார் அப்பா.

பெரியப்பா அவரைப் பார்க்கவில்லை, என்னைப் பார்த்தார். "சட்டத்துல மடைக்கு எடம் இருக்குதான்னு வக்கீலக் கேளு."

இருக்கிறது. அதற்கும் ஒரு பிரிவு உண்டு. நான் வாயைத் திறந்தேன்.

"நீ பேசாத" என்றார் அப்பா.

வாழ்நாளில் முதல்முறையாக என்னிடம் அப்படிச் சொன்னார். மடை விடாமலே வரப்பு வேப்பமரத்தைத் தொட்டது.