கம்பெனி பஸ் செல்வியின் குரல்

"இதுல இன்னாக்கா போட்டிருக்கு?" என்று இங்கிலீஷ் அக்ரிமென்டை என்னிடம் நீட்டிச் செல்வி கேட்டாள்.

"பாட்டு அவங்களுக்குச் சொந்தம்னு போட்டிருக்கு. நீ பாடிக் கொடுக்கணும். மூணு வருஷத்துக்கு வேற யாருக்கும் பாடக் கூடாது."

"ஆவட்டும். வேற யாரு கூப்புடப் போறாங்க? அப்புறம்?"

"மேடைக்கு, விளம்பரத்துக்குக் கூப்பிட்டா வரணும்."

"வர்றேன். அப்புறம்?"

ஏழாம் பக்கத்தில் நான் நின்றுவிட்டேன். செல்வி வீட்டில் இருந்த ஒரே நாற்காலியில் அரிபிரசாத் உட்கார்ந்திருந்தார். யூடியூபில் பாட்டு வெளியிடும் ஒரு சென்னைக் கம்பெனியின் ஆள். அவருக்காக வாங்கி வந்த கலர் சோடாவைப் பாதி குடித்திருந்தார். நான் நின்றதைப் பார்த்து, "அது ஒண்ணுமில்ல மேடம், டெக்னிக்கல்" என்றார்.

"பாட்டைச் சரி பண்ண அவங்களுக்கு உரிமை உண்டுன்னு போட்டிருக்கு" என்றேன்.

"சரி பண்றதுன்னா?"

"சத்தத்தைக் கூட்டுவாங்க, குறைப்பாங்க. அந்த மாதிரி."

"அவ்ளோதானா?"

"அவ்ளோதான்."

செல்வியின் அம்மா தனம் வாசற்படியில் உட்கார்ந்து மல்லாட்டைக் கடலை உரித்துக்கொண்டிருந்தார். "படிச்ச புள்ள சொல்லுது இல்ல? போடுடி கையெழுத்த. அந்த மனுசன் எம்மா நேரம் கலர் குடிச்சிக்கினே இருப்பாரு?" என்றார்.

செல்வி கையெழுத்துப் போட்டாள். தமிழ்ச்செல்வி என்று முழுப் பெயரையும், ஒன்பது பக்கத்திலும், ஒரு எழுத்து விடாமல்.

ஏழாம் பக்கத்தில் இருந்தது இதுதான். தேவைப்பட்டால் பாடுகிறவரின் குரலுக்குப் பதிலாக வேறொரு குரலைக் கம்பெனி சேர்த்துக்கொள்ளலாம். அவருடைய முகமும் பெயரும் அப்படியே இருக்கும். எனக்கு அது புரியாமல் போகவில்லை. நன்றாகவே புரிந்தது. வீட்டுக்கு வந்த மனிதர் எதிரில் இருக்கும்போது அவர் நீட்டிய காகிதத்தைக் குறை சொல்ல எனக்கு வாய் வரவில்லை. எட்டாவது வரை வளவனூரில் தமிழில் படித்தேன், பிறகு விழுப்புரத்தில் இங்கிலீஷில். இரண்டு மொழியிலும் வாயை மூடிக்கொண்டிருக்கத்தான் கற்றுக்கொண்டேன் போலிருக்கிறது.

அது 2018 நவம்பர். அப்போது செல்விக்கு இருபது வயது. கண்டமங்கலம் ரயில்வே கேட்டுக்கு இந்தப் பக்கம், ரோட்டிலிருந்து உள்ளே தள்ளி அவள் வீடு. அப்பா அப்பாதுரை கரும்பு லோடு ஏற்றுகிறவர். பிளஸ் டூ முடித்த கையோடு புதுச்சேரியில் ஒரு சோப்புக் கம்பெனியின் பேக்கிங் பிரிவில் சேர்ந்தாள். அங்கேதான் நானும் ஆபீசில் வேலை பார்க்கிறேன். வெளியூர்களுக்கு மெயில் எழுதும் வேலை.

கம்பெனி பஸ் விழுப்புரத்தில் கிளம்பும். வளவனூரில் நான் ஏறுவேன், கேட்டுக்கு முன்னால் செல்வி ஏறுவாள். சீட் காலியாக இருந்தாலும் உட்கார மாட்டாள். டிரைவர் பச்சைமுத்து அண்ணனுக்குப் பக்கத்தில், இன்ஜினை மூடியிருக்கும் பானட்டின் மேல் ஒரு துண்டை விரித்துப்போட்டு அதில் உட்காருவாள். சூடாக இருக்காதா என்று கேட்டால், "எனக்கு இதான் ஏசி சீட்டு" என்பாள். உட்கார்ந்ததும் பாட ஆரம்பிப்பாள். சினிமாப் பாட்டு இல்லை, அவளாகக் கட்டுவது. சூப்பர்வைசரின் தொப்பையைப் பற்றி ஒன்று, மூன்று நாளாக மாறாத கேண்டீன் சாம்பாரைப் பற்றி ஒன்று. கேட்டில் வண்டி நின்று இன்ஜினை அணைத்தால் அவளும் நிறுத்திவிடுவாள். "இன்னாம்மா, கரன்ட் கட்டா?" என்று பச்சைமுத்து அண்ணன் கிண்டல் செய்வார். ரயில் போய்க் கேட் திறந்து வண்டி உறுமினால், விட்ட இடத்திலிருந்து தொடங்குவாள். இதை நான் இரண்டு வருடம் தினமும் பார்த்தேன். ஏன் என்று ஒருநாளும் யோசிக்கவில்லை.

எங்கள் கம்பெனியில் பெண்கள் வேலை முடிந்து வெளியே போகும்போது பையைச் சோதிப்பார்கள். சோப்பு எடுத்துப் போகிறோமா என்று பார்க்கிறார்களாம். ஆபீஸ் ஆட்களுக்கு அந்தச் சோதனை கிடையாது. ஒருநாள் செக்யூரிட்டி செல்வியின் பையைத் தலைகீழாகக் கொட்டினான். டிபன் பாக்ஸ் உருண்டு ஓடியது. மாதவிலக்குத் துணி எல்லார் முன்னாலும் கீழே விழுந்தது. அவள் எல்லாவற்றையும் பொறுக்கிக்கொண்டு வந்து பஸ்ஸில் ஏறினாள். மறுநாள் காலை பானட்டில் உட்கார்ந்து பாடினாள்.

ஊரு குளிக்கிற சோப்பையெல்லாம் எங்க கைதான் கட்டுது
வூடு திரும்புற நேரம் எங்க பையை ஒங்க கை கொட்டுது

கூட வேலை பார்க்கும் அஸ்வினி அதைப் போனில் எடுத்து டிக்டாக்கில் போட்டாள். ஒரே வாரத்தில் எட்டு லட்சம் பேர் பார்த்தார்கள். 'கம்பெனி பஸ் செல்வி' என்ற பெயர் அப்படித்தான் வந்தது. கீழே என்ன எழுதினார்கள் என்று நான் ஒவ்வொன்றாகப் படித்தேன். 'குரல் வேற லெவல், மூஞ்சியப் பாக்காம கேளுங்க.' 'கண்ண மூடிக்கினு கேட்டா சூப்பர்.' செல்வி அதையும் சிரித்துக்கொண்டே படித்தாள். "குரலு நல்லாருக்குன்னு எல்லாரும் ஒத்துக்கினாங்க இல்லக்கா? அது போதும்" என்றாள்.

அவளுக்கு வேண்டியிருந்தது அது ஒன்றுதான். அவள் குரலில் ஒரு பாட்டு வெளியே வர வேண்டும். அதற்காகத்தான் வேலையை விட்டாள்.

விழுப்புரத்தில் ரயில்வே ஸ்டேஷனுக்குப் பக்கத்தில், ஒரு போட்டோ ஸ்டூடியோவின் மாடியில் ரிக்கார்டிங் வைத்தார்கள். ஞாயிற்றுக்கிழமை, துணைக்கு நானும் போனேன். சுவர் முழுக்கப் பஞ்சு ஒட்டிய சின்ன அறை. கதவைச் சாத்தினால் நம் மூச்சு நமக்கே கேட்கும். செல்வியின் காதில் ஹெட்போனை மாட்டினார்கள். அதில் டக் டக் என்று தாளம் மட்டும் வரும். பாடினாள். சவுண்ட் பார்க்கும் சக்கரபாணி, "ஸ்ருதி எறங்குதும்மா" என்றார். மறுபடி பாடினாள். மறுபடி இறங்கியது. இருபதாவது தடவைக்கு மேல் நான் எண்ணவில்லை. அவள் கழுத்தெல்லாம் வியர்வை.

"அண்ணா, ஒண்ணு கேட்டா தப்பா எடுத்துக்க மாட்டீங்களே?" என்றாள்.

"கேளு."

"காதுல வண்டி சத்தம் கொஞ்சம் வைக்க முடியுமா? பஸ்ஸு ஓடுற சத்தம். அது இருந்தா எனக்குப் பாட்டு நிக்கும்."

சக்கரபாணி அரிபிரசாத்தைப் பார்த்தார். இருவரும் சிரித்தார்கள். "நீ பாட்டுப் பாட வந்தியா, பஸ் ஓட்ட வந்தியா?" என்றார் சக்கரபாணி. "கண்டக்டரையும் கூட்டினு வந்திருக்கலாமே. விசில் குடுப்பாரு."

செல்வியும் கூடச் சிரித்தாள். நானும் புன்னகை மாதிரி ஏதோ செய்தேன்.

பிறகுதான் எனக்கு ஆத்திரம் வந்தது, இன்றுவரை அது அடங்கவில்லை. பெரிய சபாக்களில் பாடுகிறவர்களுக்குப் பின்னால் ஒருவர் உட்கார்ந்து தம்புரா மீட்டிக்கொண்டே இருக்கிறார். ஒரே ஒலி, விடாமல், கச்சேரி முடியும் வரை. ஏன் அது வேண்டும் என்று யாரும் அவர்களைக் கேட்பதில்லை, கேட்டுச் சிரிப்பதும் இல்லை. செல்வி கேட்டதும் அதேதான். அவளுடைய தம்புரா டீசலில் ஓடியது, அவ்வளவுதான் வித்தியாசம். கீழே தெருவில் இறங்கி ஐந்து நிமிடம் போனை நீட்டியிருந்தால் அந்தச் சத்தம் கிடைத்திருக்கும். விழுப்புரத்தில் பஸ்ஸுக்கா பஞ்சம்?

"போதும்மா, நாங்க பாத்துக்கறோம்" என்று அரிபிரசாத் அனுப்பிவைத்தார். அடுத்த வாரம் வீடியோ எடுத்தார்கள். ஒரு பழைய பஸ்ஸை வாடகைக்குப் பிடித்து, அதன் பானட்டில் அவளை உட்காரவைத்து, வாயசைக்கச் சொன்னார்கள். பஸ் நின்றுகொண்டிருந்தது.

2019 பொங்கலுக்குப் பாட்டு வந்தது. செல்வியின் வீட்டில் எல்லாரும் கூடிப் பார்த்தோம். முதல் வரி முடிவதற்குள் தனம், "இன்னாடி, அன்னிக்கி ஒனக்குச் சளி புடிச்சிருந்துச்சா?" என்று கேட்டார். இரண்டாவது வரியில் பையும் இல்லை, கொட்டுவதும் இல்லை. 'மாமன் வந்து தொட்டா மட்டும் மனசு ஏனோ சொட்டுது' என்று மாற்றியிருந்தார்கள். மெல்லிய, தேன் தடவிய குரல். யாரோ ஒரு பெண். அவள் பெயர் எங்கும் இல்லை. "பாடியவர்: கம்பெனி பஸ் செல்வி" என்று போட்டிருந்தது.

"இது நீ இல்லியேடி" என்றார் தனம்.

செல்வி அரிபிரசாத்துக்குப் போன் போட்டாள். ஸ்பீக்கரில் வைத்தாள்.

"வாய்ஸைக் கொஞ்சம் பாலிஷ் பண்ணோம்மா."

"பாலிஷ் பண்ணா எங்கம்மாவுக்குக் கூடவா சார் என் குரலு தெரியாம போவும்?"

"அக்ரிமென்ட்ல ஏழாம் பக்கம் இருக்கே. ஒங்க அக்காதானே படிச்சாங்க? கேட்டுப் பாரு."

அறையில் இருந்த எல்லாரும் என்னைப் பார்த்தார்கள். செல்வி மட்டும் பார்க்கவில்லை. போனை அணைத்துத் தரையில் கவிழ்த்து வைத்தாள். அப்போதாவது நான் சொல்லியிருக்க வேண்டும். "படித்தேன், தெரியும், மறைத்தேன்" என்று மூன்றே சொல். சொல்லவில்லை. பஸ்ஸுக்கு நேரமாகிறது என்று எழுந்து வந்தேன்.

கையெழுத்துப் போட்டதால் மேடைக்குப் போக வேண்டியிருந்தது. பிப்ரவரியில் திண்டிவனம் மேம்பாலத்துக்குக் கீழே ஒரு புது செல்போன் கடைத் திறப்பு. சாயங்காலம் ஐந்து மணிக்கே ரோடு அடைக்கும் கூட்டம். ஜிகினா வைத்த சட்டையைக் கொடுத்துப் போடச் சொன்னார்கள். மைக்கைக் கையில் பிடிக்கலாம், பாடக் கூடாது. பென் டிரைவில் பாட்டு ஓடும், அவள் வாயை அசைக்க வேண்டும். டிக்டாக்கில் ஊரெல்லாம் யாரோ பாடியதற்கு வாயசைத்தபோது, சொந்தக் குரலில் பாடிப் பெயர் வாங்கியவள் இவள். இவளைத்தான் வாயசைக்கச் சொன்னார்கள்.

பாட்டின் நடுவில் கரன்ட் போனது. மேடைக்குப் பின்னால் ஜெனரேட்டரை இழுத்துவிட்டார்கள். விளக்கு வந்தது, மைக் வந்தது. பென் டிரைவ் மட்டும் ஓடவில்லை. சவுண்ட் பையன்கள் எதையோ பிடுங்கிப் பிடுங்கிச் சொருகினார்கள். கூட்டம் ஊளையிட்டது. பின்னால் ஜெனரேட்டர் டபடபவென்று ஓடிக்கொண்டிருந்தது, பஸ் இன்ஜின் மாதிரியே. செல்வி அந்தப் பக்கம் லேசாகத் தலையைத் திருப்பியதை, துணைக்குப் போயிருந்த நான் கீழே இருந்து பார்த்தேன். பிறகு மைக்கை வாய்க்குக் கொண்டுபோனாள்.

பாடினாள். அவளுடைய வரி, அவளுடைய குரல். பையைக் கொட்டிய அந்த இரண்டாவது வரியோடு. ஒரு இடத்திலும் ஸ்ருதி இறங்கவில்லை. இரண்டு வருடம் பஸ்ஸில் கேட்டவள் சொல்கிறேன், அவள் அதற்கு முன்னால் அவ்வளவு நன்றாகப் பாடியதில்லை.

நான்கு வரி தாண்டவில்லை. "ஏய், டூப்பு!" என்று ஒருவன் கத்தினான்.

"இது அவ குரலே இல்லடா!"

"ஒரிஜினலப் போடு! ஒரிஜினலப் போடு!"

கை தட்டிக்கொண்டே கத்தினார்கள். காலித் தண்ணீர் பாட்டில் ஒன்று மேடையில் வந்து விழுந்தது. பென் டிரைவ் உயிர் பெற்றது. தேன் குரல் ஸ்பீக்கரில் வழிந்ததும் கூட்டம் விசிலடித்தது. அரிபிரசாத் மேடை ஓரத்தில் நின்று, வாயை அசை, அசை என்று சைகை காட்டினார். செல்வி மைக்கை ஸ்டாண்டில் மாட்டினாள். படி இறங்கினாள். திண்டிவனத்திலிருந்து விழுப்புரம் வரை பஸ்ஸில் என் பக்கத்தில் ஜிகினாச் சட்டையோடே உட்கார்ந்து வந்தாள், பாடவில்லை. அந்தப் பஸ்ஸும் சத்தமாகத்தான் ஓடியது.

நாங்கள் விழுப்புரம் சேர்வதற்குள் யாரோ வீடியோ போட்டுவிட்டார்கள். 'மாட்டிக்கினா செல்வி.' கண்ணை மூடிக்கொண்டு கேட்கச் சொன்ன அதே ஆட்கள், அவள் குரலை அவளுடையது இல்லை என்று தீர்ப்பு எழுதினார்கள். பாட்டுக் கம்பெனிக்கு வேண்டியிருந்தது அவள் முகம். ஊருக்குப் பிடித்திருந்ததோ அவள் குரல். கடைசியில் அவளுக்கு இரண்டும் இல்லாமல் போயிற்று.

இப்போது மறுபடி பேக்கிங்கில் இருக்கிறாள். புது ஆளாகத்தான் சேர்த்தார்கள், பழைய வருடங்களைக் கணக்கில் எடுக்கவில்லை. பஸ்ஸில் பானட்டில் உட்காருவதில்லை, என் பக்கத்து சீட்டில் உட்காருகிறாள். "ஒண்ணு பாடும்மா, தூக்கமா வருது" என்று பச்சைமுத்து அண்ணன் எவ்வளவோ கேட்டுப் பார்த்தார். "டூப்புங்க பாடாதுண்ணா" என்று ஒருமுறை சொன்னாள். அதற்குப் பிறகு அவர் கேட்கவில்லை. அந்தப் பாட்டு மட்டும் ஓடிக்கொண்டிருக்கிறது. நாற்பது லட்சம் பேர் பார்த்திருக்கிறார்கள். அதில் அவள் வாய் இன்னும் அசைந்துகொண்டே இருக்கிறது.

ஜூன் மாதம் ஒருநாள் காலை, கண்டமங்கலம் கேட்டில் பஸ் நின்றது. பச்சைமுத்து அண்ணன் இன்ஜினை அணைத்தார். அந்த அமைதியில் செல்வி என் பக்கம் திரும்பாமல் பேசினாள்.

"அக்கா, அந்த ஏழாம் பக்கம் ஒனக்கு அன்னிக்கே தெரியும் இல்ல?"

"தெரியும்" என்றேன்.

"உம்." மூடியிருந்த கேட்டைப் பார்த்துக்கொண்டே சொன்னாள். "அவங்களுக்கு ஒரு லெட்டர் எழுது. குரலு வேணாம்னு எடுத்தாங்க இல்ல, மூஞ்சியும் எடுத்துடச் சொல்லு. பேரையும் எடுத்துடச் சொல்லு. பாடுனது எவளோ ஒரு பொண்ணு, பாவம், அது பேரப் போடச் சொல்லு. நான் சொன்னா சிரிக்கிறாங்க. இங்கிலீஷ்ல எழுது."

"எழுதறேன்."

"நீ மெல்லமா எழுதுவ. கோவமா எழுதுக்கா. அன்னிக்கி மாரி எதையும் உட்டுடாத."

"சரி."

ரயில் போனது. கேட் மேலே ஏறியது. வண்டி உறுமத் தொடங்கியதும் அவள் என் காதுக்குப் பக்கத்தில் குனிந்தாள்.

"அப்புறம், ப்ளீஸ்னு மட்டும் எங்கியும் போடாத."