சுகம் விசாரிக்கப் போவது

டாக்காவில் பல ஆண்டுகள் உதைபந்தாட்டத் தடுப்பாட்டக்காரராக விளையாடி ஓய்வுபெற்ற ரஃபிக், நாங்கள் குடியேறிய நாட்டின் புருசெத் திடலில் ஒரு ஞாயிறு எங்கள் தமிழ்ப் பெடியன் ஒருவனின் காலை முறித்தார். காய்ந்த பூவரசந்தடி ஒடிவதுபோலச் சத்தம் கேட்டது. அந்தச் சத்தத்தோடு நான் நினைவில் ஊர் மைதானத்துக்குப் போய்விட்டேன்.

என் பெரியப்பாவும் தடுப்பாட்டக்காரர்தான். வெறுங்காலாலேயே முறிப்பார். ஆனால் நடைமுறை தெரிந்தவர். மறுநாள் காலை நல்லெண்ணெயும் முட்டையும் கொண்டு, கால் முறிந்தவன் வீட்டுக்குச் சுகம் விசாரிக்கப் போவார். ஒருமுறை என்னையும் கூட்டிப்போனார். வாசல் படலையில் முறிந்தவனின் அண்ணன் உலக்கையோடு நின்றான்.

“வாங்கோ அண்ணை, உங்களைத்தான் பாத்துக்கொண்டு நிக்கிறன்.”

ஒரே அடி. பெரியப்பாவின் முழங்கால் சிதறியது. உடைந்த முட்டையிலும் இரத்தத்திலும் கிடந்தபடி அவர் கேட்டார்: “தம்பிக்கு இப்ப எப்பிடி?”

அதற்குப் பிறகு அவர் பந்தைத் தொடவில்லை.

“நாளைக்கு அந்தப் பையனைப் பார்க்கப் போகவேண்டும்,” என்று புருசெத்தில் ஆட்டம் முடிந்ததும் என்னிடம் சொன்னார் ரஃபிக். இந்த நாட்டில் அதற்குக் காப்புறுதி இருக்கிறது, நேரில் போகத் தேவையில்லை என்று விதிகளை வரிசையாக விளக்கினேன். அவர் கேட்கவில்லை. நானும் கூடப் போனேன். பையனின் அண்ணன்மார் இருவரும் வீட்டில்தான் இருந்தார்கள். கதவு திறந்தபோது ரஃபிக்கைப் பின்னால் தள்ளிவிட்டு நான் முன்னால் நின்றேன்.