புவனா வீட்டுக் கலர் டிவி

கலர் டிவி வந்த புதிதில், நாங்கள் ஊரைவிட்டு வந்து குடியேறிய ஸ்பிரிங்வேலில், எங்கள் தெருவில் முதலில் அதை வாங்கியது புவனா வீட்டார்தான். வருமான வரியில் திரும்பி வந்த காசில் வாங்கினார்களாம். எனக்கு வயிறு எரிந்தது. ஆஸ்பத்திரிச் சலவைக்கூடத்தில் நாள் முழுவதும் கால்கடுக்க நிற்பவள் நான். அவளோ வீட்டில் இருக்கிறாள்.

“பெண்சாதியைப் பார்க்கிறதுக்கெண்டு அவளின்ர மனுசனுக்கு வரியில கழிச்சு விட்டிருக்கினம். நீங்களும் போடுங்கோ,” என்று கணவரைப் பிடித்துக்கொண்டேன்.

“நீர் உழைக்கிறீர், தனியா வரிப் படிவமும் அனுப்புறீர். பிறகெப்படி?”

“மனுசிக்கு வருமானம் இல்லையெண்டு எழுதுங்கோ.”

நான் முகம் கொடுக்காமல் திரிந்ததைத் தாங்காமல் அவரும் எழுதிவிட்டார். எங்கள் இருவர் படிவங்களையும் ஒரே உறையில் போட்டுக்கொண்டு தபாற்பெட்டிக்குப் புறப்பட்டேன். வழியில் புவனா வீட்டில் நுழைந்தேன், பெருமையடிக்கத்தான்.

“எங்களுக்கும் உங்களை மாதிரி வரிக் கழிவு வரப்போகுது.”

அவள் முகம் வாடிவிட்டது. “ஐயோ அக்கா, உங்களுக்கும் வேலை இல்லாமல் போயிட்டுதோ? நான் ஊரில டீச்சர். இங்க ஒருத்தரும் வேலை தரேல்லை. எனக்குச் சம்பளம் இல்லையெண்டுதான் அந்தக் காசு.”

உறை கையில் கனத்தது. உள்ளே அவர் படிவத்தில் எனக்குச் சம்பளம் இல்லை. என் படிவத்தில் முழுச் சம்பளமும் இருந்தது. அப்படியே வீட்டுக்குத் திரும்பி உறையோடு இரண்டையும் கிழித்தேன்.

இப்போது யாருக்காவது வரிக்காசு கூடுதலாகத் திரும்பி வந்ததென்றால், அந்த வீட்டில் யாருக்கு வேலையில்லை என்றுதான் முதலில் கேட்கிறேன். அந்த டிவியை நினைத்தால் மட்டும் இன்னும் வயிறு எரிகிறது.